50,000 முறை வெட்டுப்பட்டவர்

2003இல் வெளிவந்த ‘தி லாஸ்ட் சாமுராய்’ படத்தில் வயதான சாமுராய் ஒருவர் வருகிறார். ஒட்டிய கன்னம், கூர்ந்த கண்கள். சிறைப்பட்ட அமெரிக்கப் படை அதிகாரி ஆல்கிரன் கிராமத்தில் எங்கே போனாலும் சில அடி தள்ளிப் பின்னாலேயே நடப்பது அவருக்கு இடப்பட்ட வேலை. வாயே திறக்க மாட்டார். ஆல்கிரனாக நடிக்கும் டாம் குரூஸ் அவரைப் பேசவைக்கப் பார்த்துத் தோற்றுப்போய், ‘பாப்’ என்று தானாகவே ஒரு பெயரைச் சூட்டிவிடுகிறார். இறுதிப் போரில் ஆல்கிரனைக் குறிவைத்துக் குண்டு பாயும்போது அந்தக் கிழவர் குறுக்கே விழுகிறார். “ஆல்கிரன்-சான்!” என்று ஒரு கூவல். அவருக்கு அந்தப் படத்தில் இருந்த வசனம் அவ்வளவுதான். கூவி முடித்ததும் செத்துப்போகிறார்.

உலகெங்கும் அந்தப் படத்தைப் பார்த்தவர்களில் பெரும்பாலோருக்கு அவர் யாரென்று தெரியாது. ஜப்பானியர்களுக்குத் தெரிந்திருந்தது. குறைந்தபட்சம் அந்த முகம் தெரிந்திருந்தது. அவர்கள் வீட்டு வரவேற்பறையில் தொலைக்காட்சிப் பெட்டிக்குள் வாரம் தவறாமல் செத்துக்கொண்டிருந்த முகம் அது. பெயர் செய்ஸோ ஃபுகுமோதோ. ‘50,000 முறை வெட்டுப்பட்ட மனிதர்’ என்பது அவருக்கு அமைந்த பட்டம்.

அந்த எண்ணை யாரும் கணக்குப் புத்தகம் வைத்து எழுதியிருக்க முடியாது. ஆனாலும் வெறும் புகழுரை என்று தள்ளிவிடவும் முடியாது. 50 ஆண்டுத் தொழில் என்று வைத்துக்கொண்டால் ஆண்டுக்கு 1,000 சாவு, நாளைக்கு ஏறத்தாழ மூன்று. ஒரே சண்டைக் காட்சியில் வெட்டுப்பட்டு விழுந்து, கேமராவுக்கு வெளியே உருண்டு, பொய்முடியையோ மேலாடையையோ மாற்றிக்கொண்டு, இன்னொரு ஆளாக மறுபடி ஓடி வந்து வெட்டு வாங்குவது கியோதோ படப்பிடிப்புத் தளங்களில் அன்றாடம் நடந்தது. ஒரு காலை, ஒரு மாலை, இரண்டு தொடர்கள் என்று கூட்டிப் பார்த்தால் அந்த எண் எட்டிப்பிடிக்கக்கூடியதே.

ஜப்பானிய மொழியில் இந்த வேலைக்குத் தனிப் பெயர் உண்டு. ‘கிராரெயாகு’. வெட்டுப்படும் பாத்திரம் என்பது நேர்ப்பொருள். கதாநாயகன் வாளைச் சுழற்றும்போது எதிரே வந்து மடிபவர். குணச்சித்திர நடிகர் என்ற சொல்லை நாம் பெருந்தன்மையோடுதான் ஃபுகுமோதோவுக்குக் கொடுக்க வேண்டியிருக்கும். அவர் ஏற்ற பாத்திரங்களில் மிகப் பலவற்றுக்குப் பெயரே கிடையாது. அடியாள், கூலிக்கு வாளெடுத்த ரோனின் எனும் எஜமானற்ற சாமுராய், சூதாட்ட விடுதிக் காவல்காரன். திரையில் சில நொடி. ஆனால் அந்தச் சில நொடிகளுக்குள் ஒரு மனிதன் இருந்தான், இப்போது இல்லை என்று பார்வையாளரை நம்பவைக்க வேண்டும். அதைவிடக் கடினமான குணச்சித்திரம் எது?

ஃபுகுமோதோ 1943 பிப்ரவரி 3இல் ஹ்யோகோ மாநிலத்தின் வடகரையில், ஜப்பான் கடலை ஒட்டிய கசுமி என்ற ஊரில் பிறந்தார். நண்டுக்குப் பேர்போன மீன்பிடித் துறைமுகம் அது. 15 வயதில் கியோதோவில் தோயெய் நிறுவனத்தின் படப்பிடிப்பு வளாகத்துக்குள் நுழைந்தார். அவர் நுழைந்த இடத்தைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்லாமல் அவரைப் புரிந்துகொள்ள முடியாது.

கியோதோவின் மேற்குப் பக்கத்தில் உஸுமாஸா என்ற பகுதி இருக்கிறது. பழம்பெரும் கோர்யூஜி பௌத்தக் கோயிலின் வாசலை உரசிக்கொண்டு டிராம் வண்டி போகும். 1926இல் அங்கே மூங்கில் தோப்பைத் திருத்தித் தனக்கென்று படப்பிடிப்பு வளாகம் கட்டியவர் பாந்தோ ட்ஸுமஸபுரோ. மௌனப்பட காலத்தின் மிகப்பெரிய வாள்சண்டை நாயகர். அதற்கு முந்தைய ஆண்டு வந்த ‘ஓரோச்சி’ படத்தின் கடைசிக் காட்சியில், அநியாயமாகப் பழி சுமத்தப்பட்ட சாமுராயைக் காவலர்கள் அலை அலையாகச் சூழ்வார்கள். அவர் திமிறித் திமிறிச் சுழல்வார். இன்றும் அந்தக் காட்சி மூச்சுமுட்ட வைக்கும். அதைத் திரும்பப் பார்ப்பவர்கள் ஒரு முறையாவது நாயகனை விட்டுவிட்டுச் சுற்றி நிற்பவர்களைப் பார்க்க வேண்டும். கயிற்றை வீசுபவர், பின்வாங்குபவர், இடறி விழுபவர் என்று ஒவ்வொருவரும் நாயகனின் அடுத்த அசைவுக்கு இடம் விட்டுக்கொண்டே இருக்கிறார்கள். அந்தக் கூட்டம் இல்லாவிட்டால் அங்கே நிற்பது காற்றில் வாள் வீசும் ஓர் ஆள்.

அந்த வளாகம் பல கை மாறி, 1951இல் உருவான தோயெய் நிறுவனத்திடம் வந்தது. தோயெய் ‘ஜிதாய்கெகி’ எனப்படும் பழங்காலக் கதைப் படங்களை ஆலை போல் உற்பத்தி செய்தது. சியேஸோ கதயோகா, உதாயெமோன் இச்சிகாவா, கின்னொஸுகே நகமுரா, ஹஷிஸோ ஓகாவா என நட்சத்திர வரிசை. ஃபுகுமோதோவுக்கு 15 வயதான 1958ஆம் ஆண்டுதான் ஜப்பானியத் திரையரங்குகளின் உச்சம். அந்த ஓராண்டில் விற்ற சீட்டுகள் ஏறத்தாழ 112 கோடி. அன்றைய ஜப்பானின் மக்கள்தொகையை வைத்துப் பார்த்தால், கைக்குழந்தை உட்பட ஆளுக்கு ஆண்டில் 12 படம்.

வாரந்தோறும் புதுப்படம் என்றால் வாரந்தோறும் புதுப் பிணங்கள் வேண்டும். அந்தத் துணை நடிகர்களை நிறுவனமே மாதச் சம்பளத்துக்கு வைத்திருந்தது. நட்சத்திரங்களுக்குத் தனித்தனி ஒப்பனை அறை. இவர்களுக்கு எல்லாருக்குமாக ஒரு பெரிய அறை. ‘ஓபெயா’ என்றால் பெரிய அறை. அந்தச் சொல்லே அவர்களுக்கு வர்க்கப் பெயராயிற்று. பெரிய அறை நடிகர் என்றால் போதும், அவருடைய சம்பளம், சாப்பாட்டு வரிசையில் அவருடைய இடம், பெயர்ப் பட்டியலில் அவர் வருவாரா மாட்டாரா என்பது எல்லாம் அதில் அடங்கிவிடும்.

சண்டைக் காட்சியை அமைக்கும் கலைக்குத் ‘தாதே’ என்று பெயர். அமைப்பவர் ‘தாதேஷி’. நடுவில் நிற்கும் நாயகன் ‘ஷின்’, அதாவது மையத் தண்டு. சுற்றி வருபவர்கள் ‘கராமி’. கொடி தண்டைப் பின்னுவதற்குச் சொல்லும் வினையிலிருந்து வந்த சொல் இது. இந்தப் பெயரீட்டில் இருக்கும் நேர்மை எனக்குப் பிடித்திருக்கிறது. பந்தலுக்கு அழகு தண்டா கொடியா என்று கேட்டால் என்ன சொல்வது?

இதன் வேர் ஜப்பானின் மரபு நாடகமான கபுகி அரங்கில் இருக்கிறது. கபுகி மேடையில் நாயகன் வாளை வீசியதும், எதிராளி அந்தரத்தில் ஒரு குட்டிக்கரணம் போட்டு முதுகில் விழுவார். இந்தக் குட்டிக்கரணத்துக்குத் ‘தொன்போ’, தட்டான்பூச்சி, என்று பெயர். நாயகன் நின்ற இடத்தில் கம்பீரமாக நிற்பார். பறப்பது அவர் எதிராளி. வீரம் ஒருவருடையது, உழைப்பு மற்றவருடையது என்ற இந்தப் பங்கீட்டைத்தான் சினிமா சுவீகரித்துக்கொண்டது.

படத்தில் பயன்படும் வாள் பெரும்பாலும் மூங்கிலில் செய்து வெள்ளித்தாள் ஒட்டியது. அது யார் மேலும் படக்கூடாது. நாயகனாக நடிப்பவர் பத்துப் பேரைக் கவனிக்க வேண்டும், வசனமும் முகபாவமும் தனி. அதனால் தூரத்தை அளந்து வைத்துக்கொள்வது கராமியின் பொறுப்பு. வாள் உடலுக்கும் கேமராவுக்கும் நடுவே கடக்கும் கணத்தைப் பார்த்து, அதற்கு ஒரு இமைப்பொழுது பின்னால் அதிர வேண்டும். முந்தினால் வாள் வருமுன்னே செத்தவர் ஆவார். பிந்தினால் நாயகன் வெட்டத் தெரியாதவர் ஆவார். உஸுமாஸா சண்டைகளில் எதிரிகள் ஏன் வாளைத் தலைக்கு மேல் தூக்கிக்கொண்டு நெஞ்சைத் திறந்துபோட்டு ஓடி வருகிறார்கள் என்று கேலி செய்பவர்கள் உண்டு. உண்மைப் போரில் அது முட்டாள்தனம்தான். ஆனால் அது அறியாமல் செய்வதில்லை. ‘இங்கே வெட்டுங்கள்’ என்று நாயகனுக்கு வழி திறந்துவிடும் உபசாரம் அது.

தொலைக்காட்சியில் இன்னொரு சிக்கல் சேர்ந்தது. 1962இல் இயக்குநர் குரோசாவா ‘சஞ்சுரோ’ படத்தின் கடைசிக் காட்சியில் ரத்தத்தைப் பீறிட வைத்தார். குடும்பத்தோடு சாப்பிட்டுக்கொண்டே பார்க்கும் தொடர்களில் அந்த வசதி இல்லை. ரத்தம் இல்லை, காயம் இல்லை, கிழிசல்கூட இல்லை. வாளின் ஓசை பின்னால் சேர்க்கப்படுவது. அப்படியானால் வெட்டு விழுந்தது என்பதற்குச் சாட்சி எது? விழுபவரின் உடல் ஒன்றுதான்.

ஃபுகுமோதோவின் உடல் அந்தச் சாட்சியத்துக்குத் தனி மொழி ஒன்றை உருவாக்கியது. வெட்டு வாங்கியதும் அவர் முன்னால் சுருளமாட்டார். பின்னால் வளைவார். முதுகு வில்லாகி, முகம் வானத்தைப் பார்த்து, கைகள் காற்றைப் பிடிக்க முயன்று, அப்படியே ஒரு கணம் நிற்பார். பிறகு அந்த வளைவிலேயே மல்லாந்து விழுவார். இதற்கு ‘எபிஸொரி’ என்று பெயர்: இறால் வளைவு. கபுகியிலும் இதே பெயரில் ஒரு நிலை உண்டு. வலியவர் ஒருவரின் ஆற்றல் தாக்கி ஒடுங்குவதைக் காட்டப் பின்னால் வளைவார்கள். ஃபுகுமோதோ அதைச் சாவுக்கு இடம் மாற்றி, சினிமாவின் வேகத்துக்குக் கொண்டுவந்தார்.

அந்த வளைவு ஏன் அவ்வளவு வேலை செய்கிறது என்று பார்க்க வேண்டும். முன்னால் சுருண்டு விழுபவரின் முகம் தெரியாது. பின்னால் வளைபவரின் முகம் கேமராவுக்குக் கிடைக்கும். பெயரில்லாத அடியாளுக்கு முகம் காட்டக் கிடைக்கும் ஒரே நொடி அது. அதே நொடியில் வெட்டியவரின் பலமும் பெருகிவிடுகிறது. இத்தனை பெரிய உடலை இப்படி ஒடிக்கும் வெட்டு எப்படிப்பட்டதாக இருக்க வேண்டும் என்று பார்வையாளர் தானே கணக்குப் போட்டுக்கொள்கிறார். தன்னைக் காட்டிக்கொள்வதும் நாயகனைத் தூக்கிவிடுவதும் ஒரே அசைவில் நடக்கின்றன. துணை நடிகர் முந்திக்கொண்டு நாயகனை மறைத்தால் அடுத்த நாள் வேலை இருக்காது. மறைக்காமல் தெரிவது எப்படி என்பதற்கு அவர் கண்ட விடை இந்த வளைவு. பின்னால் பார்க்காமல் கல்லின் மீதும் மண்ணின் மீதும் மல்லாந்து விழுவதில் முதுகுக்கும் தலைக்கும் என்ன ஆபத்து என்பதை விளக்க வேண்டியதில்லை. அறுபதைத் தாண்டியும் விழுந்துகொண்டிருந்தார்.

பெரிய அறையிலிருந்து வெளியே வர வேறு வழிகளும் இருந்தன. 1958க்குப் பின் திரையரங்குக் கூட்டம் சரிந்தது. 1963இல் சீட்டு விற்பனை 51 கோடிக்கு இறங்கிவிட்டது. தோயெய் பழங்கதைகளைக் குறைத்துக்கொண்டு யாகுஸா எனும் குற்றக் கும்பல் படங்களுக்குத் தாவியது. கென் தகாகுராவும் கோஜி ட்ஸுருதாவும் புது நாயகர்கள். 1973இல் கின்ஜி ஃபுகஸாகு எடுத்த ‘மானமில்லாச் சண்டைகள்’ வரிசை வந்தபோது, பின்னணியில் கிடந்த முகங்களுக்குத் திடீரென்று மதிப்புக் கூடியது. அதே பெரிய அறையில் கிடந்த தகுஸோ கவதானி அந்த அலையில் பெயர் பெற்றார். 1975இல் அவரும் தோழர்களும் ‘பிரான்ஹா படை’ என்று கூடிக்கொண்டார்கள். பிறகு கவதானி உடனடி உதோன் நூடுல்ஸ் விளம்பரத்தில் வந்து வீட்டுக்கு வீடு தெரிந்தவரானார். ஃபுகுமோதோவும் ‘மானமில்லாச் சண்டைகள்’ வரிசையில் தலைகாட்டினார். ஆனால் அவருக்கு அப்படிப்பட்ட திருப்பம் எதுவும் வரவில்லை. வாளால் செத்தவர் சில காலம் துப்பாக்கியால் செத்தார், அவ்வளவே.

பெரிய அறையின் வாழ்க்கையையே கதையாக்கிய படமும் உண்டு. கோஹெய் ட்ஸுகாவின் நாடகத்தை 1982இல் ஃபுகஸாகு ‘கமதா அணிவகுப்புப் பாடல்’ என்று படமாக்கினார். நட்சத்திரத்தின் படம் நின்றுபோகாமல் இருக்க, யாஸு என்ற பெரிய அறை நடிகன் உயரமான படிக்கட்டின் உச்சியிலிருந்து உருண்டு விழச் சம்மதிக்கிறான். உயிர் போகலாம் என்று தெரிந்தே சம்மதிக்கிறான். மிக அருமையான படம். ஆனாலும் எனக்கு அதில் ஒரு மனக்குறை உண்டு: யாஸுவின் விழுதலை அது தியாகமாகக் காட்டுகிறது. ஃபுகுமோதோ போன்றவர்களுக்கு அது தொழில். மறுநாள் காலையில் எழுந்து வந்து மறுபடி விழ வேண்டிய தொழில். தியாகம் ஒரு முறைதான் செய்ய முடியும்.

மறுநாள் காலை வேலை கொடுத்தது தொலைக்காட்சி. ஹஷிஸோ ஓகாவா நடித்த ‘செனிகதா ஹெய்ஜி’ 1966இல் தொடங்கி 1984 வரை 888 அத்தியாயம் ஓடியது. ‘மிதோ கோமோன்’ 1969இல் தொடங்கியது. மாறுவேடத்தில் நாடு சுற்றும் முதிய பிரபு ஒவ்வொரு வாரமும் கடைசியில் தன் குலமுத்திரையைக் காட்டுவார், தீயவர்கள் மண்ணில் மண்டியிடுவார்கள். 1978இல் கென் மட்ஸுதைரா நடித்த ‘முரட்டு ஷோகன்’ வந்தது. உஸுமாஸாவில் உருவான இந்தத் தொடர்களில் கதை மாறலாம், ஊர் மாறலாம். முடிவில் ஒரு முற்றத்தில் சண்டை நிச்சயம். ஷோகன் வாளைத் திருப்பிப் பிடித்து மழுங்கிய முதுகால்தான் அடிப்பார் என்பதால் அங்கே விழுவதிலும் ஒரு வேறுபாடு வேண்டும். வெட்டுப்பட்டுச் சாவது வேறு, அடிபட்டு மயங்குவது வேறு. இந்த நுணுக்கங்களைப் பாதுகாத்து அடுத்த தலைமுறைக்குக் கொடுக்கத் தோயெய் கியோதோவில் ‘ட்ஸுருகிகாய்’, வாள் கழகம், என்ற அமைப்பு இருக்கிறது. ஃபுகுமோதோ அதன் உறுப்பினராக இருந்தார்.

ஒரே முகம் வெவ்வேறு தொடர்களில், வெவ்வேறு நூற்றாண்டுகளில், ஒரே மாதிரி வளைந்து சாவதை ரசிகர்கள் கவனிக்கத் தொடங்கினார்கள். அந்த ஆள் யார் என்று தேடினார்கள். பெயர்ப் பட்டியலின் சிறு எழுத்துகளில் கண்டுபிடித்தார்கள். நட்சத்திரத்தைப் பார்க்க உட்கார்ந்தவர்கள் இன்றைக்கு இவர் எத்தனையாவது ஆளாக விழுவார் என்று காத்திருந்தார்கள். 2001இல் தொயோஜி ஓதா அவரிடம் கேட்டு எழுதிய வாழ்க்கைக் கதை நூலாக வந்தது. ‘எங்கோ யாரோ பார்த்துக்கொண்டிருக்கிறார்கள்’ என்பது அதன் தலைப்பு. இந்தத் தொழிலின் முழு நம்பிக்கையும் அந்த மூன்று சொற்களில் இருக்கிறது. 60 வயதில் தோயெய் பணியிலிருந்து ஓய்வு, அதே 2003இல் ‘தி லாஸ்ட் சாமுராய்’.

அவர் பெயர் வெளியே தெரியத் தொடங்கிய காலத்திலேயே அவரது கலைக்கான களம் சுருங்கிக்கொண்டிருந்தது. பழங்காலத் தொடருக்குச் செலவு அதிகம்: பொய்முடி, உடை, குதிரை, மின்கம்பம் தெரியாத தெரு. பார்ப்பவர்களோ பெரும்பாலும் முதியவர்கள். விளம்பரம் கொடுப்பவர்களுக்கு இளைஞர்கள் வேண்டும். 2011 டிசம்பரில் ‘மிதோ கோமோன்’ 42 ஆண்டுக்குப் பின் நின்றது. உஸுமாஸாவில் அது ஒரு தொடர் முடிந்த செய்தியாக மட்டும் இல்லை. தினமும் விழுந்தால்தான் விழக் கற்றுக்கொள்ள முடியும். விழுவதற்கு இடம் இல்லாமல் போய்விட்டால் புது ஆட்கள் எங்கே கற்பார்கள்?

அந்தக் கேள்வியிலிருந்தே ஃபுகுமோதோவின் முதல் கதாநாயக வேடம் பிறந்தது. சாப்ளின் ஆய்வாளரான ஹிரோயுகி ஓனோ, சாப்ளினின் ‘லைம்லைட்’ படத்தை மனத்தில் வைத்து ‘உஸுமாஸா லைம்லைட்’ திரைக்கதையை எழுதினார். கென் ஓச்சியாய் இயக்கினார். பல்லாண்டு ஓடிய தொடர் நிறுத்தப்பட்டதும் வேலையிழக்கும் கமியாமா என்ற முதிய கிராரெயாகு, வாள்சண்டை கற்க வரும் இளம்பெண்ணுக்குத் தன் வித்தையைக் கொடுக்கிறார். பெண்ணாக நடித்தவர் சீனத் தற்காப்புக் கலையில் தேர்ந்த சிஹிரோ யமமோதோ. படத்துக்குள் இருக்கும் பெரிய நட்சத்திரமாக வருபவர் ஹிரோகி மட்ஸுகதா, நிஜத்திலும் தோயெய் நட்சத்திரம். அவர் தந்தை ஜுஷிரோ கொனோயேவும் வாள்சண்டைப் படங்களில் புகழ்பெற்றவர். வெட்டும் பரம்பரையும் வெட்டுப்படும் பெரிய அறையும் அந்தப் படத்தில் நேருக்கு நேர் நிற்கின்றன.

2014இல் படம் வந்தபோது ஃபுகுமோதோவுக்கு 71 வயது. அவர் நடிப்பில் என்னை அசத்துவது சண்டை இல்லாத காட்சிகள்தான். வீட்டில், தெருவில், காத்திருப்பு அறையில், எல்லா இடத்திலும் கமியாமா ஓரத்துக்கு ஒதுங்கி நிற்கிறார். படத்தின் நாயகரே சட்டகத்தின் நடுவுக்கு வரக் கூசுகிறார். 50 ஆண்டு ஓரத்தில் நின்ற உடல் அப்படித்தான் நிற்கும். பயிற்சி பெற்ற எந்தப் பெரிய நடிகராலும் அந்தக் கூச்சத்தைக் கொண்டுவந்திருக்க முடியாது என்றே நினைக்கிறேன். மான்ட்ரியாலில் நடக்கும் ஃபான்டேசியா திரைப்பட விழாவில் சிறந்த படம், சிறந்த நடிகர் இரண்டு விருதும் அந்தப் படத்துக்குக் கிடைத்தன.

2021 ஜனவரி 1 அன்று, 77 வயதில், நுரையீரல் புற்றுநோயால் ஃபுகுமோதோ இறந்தார்.

அப்போது கியோதோவைச் சேர்ந்த ஜுனிச்சி யசுதா என்ற இயக்குநர், நெல் விவசாயமும் செய்பவர், ஒரு திரைக்கதையில் மூழ்கியிருந்தார். ‘எதோ’ எனப்படும் ஷோகன் ஆட்சிக் காலத்தைச் சேர்ந்த அய்ஸு பகுதிச் சாமுராய் ஒருவன் மின்னல் தாக்கி இன்றைய கியோதோ படப்பிடிப்புத் தளத்தில் வந்து விழுகிறான். வேறு பிழைப்புத் தெரியாமல் கிராரெயாகு ஆகிறான். அவனுக்குத் தொழில் கற்றுத்தரும் தாதேஷி பாத்திரத்தை யசுதா ஃபுகுமோதோவை நினைத்தே எழுதியிருந்தார். அது நடக்கவில்லை. அந்த வேடத்தில் வாள் கழகத்தைச் சேர்ந்த ரந்தாரோ மினே நடித்தார். ‘சாமுராய் டைம் ஸ்லிப்பர்’ 2024 ஆகஸ்டில் தோக்கியோவில் ஒரே ஒரு திரையரங்கில் வெளியாகி, பார்த்தவர்கள் சொல்லிச் சொல்லியே 300க்கும் மேற்பட்ட அரங்குகளுக்குப் பரவியது. 2025 மார்ச்சில் ஜப்பான் அகாதமியின் சிறந்த படத்துக்கான விருதைப் பெற்றது. படத்தின் முடிவில் வரும் எழுத்துகளில் செய்ஸோ ஃபுகுமோதோவின் நினைவுக்கு என்ற சமர்ப்பணம் இருக்கிறது.